பெட்ரோல் பங்க் டீலர் தேர்வுச் சேவை: குலுக்கல் வரை நன்று, அதற்கு அப்பால்?

இந்தியன் ஆயில், பாரத் பெட்ரோலியம், ஹிந்துஸ்தான் பெட்ரோலியம் ஆகிய மூன்று அரசு நிறுவனங்களும் சேர்ந்து நடத்தும் ‘பெட்ரோல்பம்ப்டீலர்சயன் டாட் இன்’ தளத்தின் வழியாகத்தான் 2018 நவம்பர் விளம்பரத்துக்கும் 2023 ஜூன் விளம்பரத்துக்கும் விண்ணப்பம் வாங்கப்பட்டது. தளம் எப்படி இருக்கிறது என்று மட்டும் எழுதினால் அரைப் பக்கத்தில் முடிந்துவிடும். பணமும் வருடங்களும் போவது அதற்குப் பிறகு. நில ஆய்வு, ஆவணச் சரிபார்ப்பு, புகார், காவல் ஆணையரின் என்.ஓ.சி. எனும் தடையின்மைச் சான்று, கடைசியில் உயர் நீதிமன்றம் என்று நீளும் மொத்தப் பாதையையும் ஒரே சேவையாக எடுத்துக்கொண்டு, சென்னையிலும் சுற்றுப்புறத்திலும் இடம் வைத்திருப்பவர்களை மனத்தில் கொண்டு எழுதிய மதிப்புரை இது.

எங்கள் கணிப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். விண்ணப்பித்தவர்களிலிருந்து ஒருவரைத் தேர்ந்தெடுக்கும் கணினிக் குலுக்கல் நேர்மையானது. அதற்குப் பிந்தைய பகுதி அவ்வளவு நன்றாக அமைக்கப்படவில்லை. விண்ணப்பதாரர் எழுதிக் கொடுப்பதை அப்படியே நம்பிக் குலுக்கிவிட்டு, ஆவணத்தை வென்றவரிடம் மட்டும் பிறகு கேட்கிறார்கள். வழக்குகள் பெரும்பாலும் இந்த வரிசையில்தான் பிறக்கின்றன. தோற்கும் வழக்கு விண்ணப்பத்தைச் சமர்ப்பித்த அன்றே தோற்றுவிடுகிறது, நீதிமன்றம் அதைப் பிறகு அறிவிக்கிறது, அவ்வளவுதான்.

குலுக்கலைக் குறை சொல்பவர்கள் அதற்கு முன்பு இருந்த நிலையை நினைத்துப் பார்க்க வேண்டும். ஒரு காலத்தில் பெட்ரோலிய அமைச்சர் தன் விருப்ப அதிகாரத்தில் பங்க் ஒதுக்கலாம். அப்படிக் கொடுக்கப்பட்ட 15 ஒதுக்கீடுகளை 1996 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அமைச்சராக இருந்த சதீஷ் சர்மா 50 லட்சம் ரூபாய் கட்ட வேண்டும் என்றும் உத்தரவிட்டது. அந்தத் தொகைக்கான உத்தரவு 1999-இல் திரும்பப் பெறப்பட்டது. பிறகு வந்த டீலர் தேர்வு வாரியங்களின் மீதும் அரசியல் சாயம் விழுந்தது. 2000 ஜனவரி முதல் நடந்த ஒதுக்கீடுகள் அனைத்தையும் 2002 ஆகஸ்டில் மத்திய அரசு ஒரே உத்தரவில் ரத்து செய்தது. அதே ஆண்டு டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த மொத்த ரத்தைச் செல்லாது என்று சொல்லிவிட்டு, சர்ச்சைக்குள்ளான 413 ஒதுக்கீடுகளை மட்டும் ஆராய நீதிபதி எஸ்.சி. அகர்வால், நீதிபதி பி.கே. பாஹ்ரி ஆகிய இரு ஓய்வுபெற்ற நீதிபதிகளைக் குழுவாக அமைத்தது. தவறு செய்தவரையும் செய்யாதவரையும் ஒரே கோடாகப் போட்டு அடிக்கக் கூடாது என்ற அந்தத் தீர்ப்பின் அடிப்படை இன்றும் டீலர்ஷிப் வழக்குகளில் பேசப்படுகிறது. நேர்காணல் மதிப்பெண் வைத்துத் தேர்ந்தெடுத்த காலத்தில் மதிப்பெண்ணே வழக்குக்குப் பொருளாக இருந்தது. கணினிக் குலுக்கல் வந்தபின் அந்த ரகம் ஏறக்குறைய ஒழிந்துவிட்டது. இது பெரிய முன்னேற்றம், மனமாரப் பாராட்ட வேண்டியது.

தளத்தைப் பற்றிச் சுருக்கமாக. நகர எல்லையிலும் நெடுஞ்சாலையிலும் வருவது ரெகுலர் பங்க், மற்ற கிராமப்புற இடங்களில் வருவது ரூரல் பங்க். டீலர் தேர்வு விதிகளைச் சொல்லும் நிறுவனங்களின் 2018 விளக்கேட்டின்படி ரெகுலருக்கு விண்ணப்பக் கட்டணம் 10,000 ரூபாய், ஓ.பி.சி. பிரிவுக்கு 5,000, எஸ்.சி., எஸ்.டி. பிரிவுக்கு 3,000. ரூரலுக்கு முறையே 8,000, 4,000, 2,500. எந்த நிலையிலும் திரும்பக் கிடைக்காது. வயது 21 முதல் 60 வரை. படிவம் தெளிவாகவே இருக்கிறது. ஆனால் அதில் நீங்கள் தட்டும் ஒவ்வொரு எண்ணும், சர்வே எண்ணும், பத்திரத் தேதியும், முகப்பு நீளமும், பின்னால் உங்களுக்கு எதிராகவே எடுத்துக்காட்டப்படும் சாட்சியம். இறுதியாகச் சமர்ப்பித்தபின் திருத்த வழியில்லை. தளம் இதைத் தடித்த எழுத்தில் எச்சரிக்க வேண்டும். எச்சரிப்பது போதாது என்பது எங்கள் முதல் குறை.

அடுத்தது குரூப். விண்ணப்ப நாளன்று கையில் சொந்த நிலமோ, குறைந்தது 19 ஆண்டு 11 மாதக் குத்தகை நிலமோ இருந்தால் குரூப் 1. நிலத்தை விற்கவோ குத்தகைக்கு விடவோ உரிமையாளர் உறுதிக் கடிதம் கொடுத்திருந்தால் குரூப் 2. நிலமே இல்லாவிட்டால் குரூப் 3. முதல் குரூப்பில் தகுதியானவர் ஒருவரும் இல்லை என்றால்தான் இரண்டாவதைத் தொடுவார்கள், அதிலும் இல்லை என்றால் மூன்றாவது. சென்னையைச் சுற்றி நல்ல இடங்களில் குரூப் 1-ஐத் தாண்டி வருவது அரிது. அதனால்தான் நிலம் முழுதாகக் கைக்கு வராதவர்களும் குரூப் 1 என்று டிக் அடித்துவிடுகிறார்கள். பதிவு விண்ணப்ப நாளுக்கு ஒரு நாள் பிந்தியிருந்தாலும் அந்த டிக் பொய்யாகிவிடும். குலுக்கலில் பெயர் வந்தபிறகு எத்தனை நியாயம் பேசினாலும் அந்த ஒரு நாளை எந்த நீதிபதியும் கூட்டித் தரமாட்டார், ஏனென்றால் அதே நாளில் கச்சிதமாகப் பதிவு முடித்த இன்னொருவர் எதிர்த்தரப்பில் உட்கார்ந்திருப்பார்.

நில அளவு விஷயத்தை நிதானமாகப் படியுங்கள். ஒவ்வொரு இடத்துக்கும் குறைந்தபட்ச முகப்பும் ஆழமும் விளம்பரத்திலேயே மீட்டரில் கொடுக்கப்பட்டிருக்கும். நம் ஊரில் நிலம் பேசுவது கிரவுண்டிலும் சென்டிலும். 20-க்கு 20 மீட்டர் என்றால் 400 சதுர மீட்டர், அதாவது ஏறத்தாழ 4,306 சதுர அடி, 1.8 கிரவுண்ட், 9.9 சென்ட். 35-க்கு 35 என்றால் 1,225 சதுர மீட்டர், ஏறத்தாழ ஐந்தரை கிரவுண்ட், 30.3 சென்ட். பரப்பு போதும் என்று இரண்டு கிரவுண்ட் மனையைக் காட்டி விண்ணப்பிக்கிறவர்கள் மாட்டுவது முகப்பில். 40 அடிக்கு 120 அடி மனை இரண்டு கிரவுண்ட்தான், ஆனால் சாலை ஓரம் 12.2 மீட்டர் மட்டுமே இருக்கும்.

அதைவிட அடிக்கடி கவிழ்ப்பது சாலை எல்லை. தேசிய, மாநில நெடுஞ்சாலைகளில் அளவைச் சாலைக்கான ஒதுக்கீட்டு எல்லையிலிருந்து எடுப்பார்கள், தார் முடியும் இடத்திலிருந்து அல்ல. பத்திரத்தில் ‘கிழக்கே ரோடு’ என்று எழுதியிருக்கும். நெடுஞ்சாலைத் துறை கல்லோ மனைக்குள் நாலு மீட்டர் தள்ளி நிற்கும். பூந்தமல்லி நெடுஞ்சாலையிலும் ஜி.எஸ்.டி. சாலையிலும் விரிவாக்கத்துக்கு ஏற்கெனவே எடுத்துக்கொண்ட துண்டு பழைய பத்திரத்தில் இன்னும் சேர்ந்தே இருக்கும். ஆகவே பத்திரத்தை வைத்து அளக்காதீர்கள். புறநகரில் எஃப்.எம்.பி. எனும் புல அளவை வரைபடம், கிராம நில விவரம் உள்ள ‘அ’ பதிவேடு, பட்டா மூன்றையும் பக்கத்தில் வைத்து, உரிமம் பெற்ற சர்வேயரைக் கொண்டு அளந்து, முகப்பு எத்தனை மீட்டர் என்பதை அவர் கையெழுத்தோடு வாங்குங்கள். மாநகரின் பழைய பகுதிகளில் பட்டாவுக்குப் பதில் டவுன் சர்வே நிலப் பதிவேடுதான் செல்லும். பிளாக் எண், டி.எஸ். எண் இரண்டும் பத்திரத்தோடு ஒத்துப்போக வேண்டும். பழைய சர்வே எண்ணை மட்டும் போட்டு விண்ணப்பித்தவர்கள், அதே நிலம்தான் இது என்று பின்னால் மெய்ப்பிக்க அல்லாட வேண்டியிருக்கும்.

மூன்றாவது, விளம்பரத்தில் உள்ள இட வருணனை. இன்ன சந்திப்பிலிருந்து இத்தனை கிலோமீட்டருக்குள், இன்ன ஊரிலிருந்து இன்ன ஊருக்குப் போகும்போது இடதுபக்கம் என்று இருக்கும். போகும் திசையை மாற்றிப் படித்தால் இடது வலதாகிவிடும். எந்தச் சந்திப்பிலிருந்து, எந்தப் பாதை வழியாக அளப்பது என்பதும் தகராறாகும். கூகுள் வரைபடத் தூரம் சாட்சியம் ஆகாது. நெடுஞ்சாலைத் துறையின் கிலோமீட்டர் கல்லைக் குறிப்பிட்டு எழுத்தில் ஒரு சான்று இருந்தால் அது நிற்கும்.

குத்தகை நிலத்தில் கூடுதலாக இரண்டு கண்ணிகள். ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகை பதிவு செய்யப்பட்டிருக்க வேண்டும். முத்திரைத்தாளில் எழுதி நோட்டரி கையெழுத்து வாங்கிய 20 ஆண்டு ஒப்பந்தத்துக்கு இங்கே மதிப்பில்லை. அடுத்து, கோயில் நிலம். சென்னையில் மயிலாப்பூர், திருவொற்றியூர், வடபழனி என்று எங்கு திரும்பினாலும் கோயில் மனைகள். இந்து சமய அறநிலையத் துறைச் சட்டத்தின் 34-ஆம் பிரிவின்படி, ஐந்து ஆண்டுக்கு மேற்பட்ட குத்தகைக்கு ஆணையரின் அனுமதி இல்லாவிட்டால் அந்தக் குத்தகையே செல்லாது. அறங்காவலர் கையெழுத்து, செயல் அலுவலர் கடிதம் எதுவும் அதற்கு ஈடாகாது. அந்த அனுமதி ஆணை விண்ணப்ப நாளுக்கு முன்பே கையில் இல்லை என்றால் கோயில் நிலத்தைக் குரூப் 1-இல் காட்ட வேண்டாம்.

குடும்ப நிலத்தைக் காட்டலாம் என்பது நல்ல வசதி. கணவன் அல்லது மனைவி, பெற்றோர், உடன்பிறந்தோர், பிள்ளைகள், மருமகன், மருமகள், மாமனார், மாமியார், தாத்தா பாட்டி வரை யார் பெயரில் இருந்தாலும் அவர்களுடைய ஒப்புதல் உறுதிமொழிப் பத்திரத்தோடு ஏற்பார்கள். இங்கேதான் பலர் குழம்புகிறார்கள்: ‘ஒரு குடும்பத்துக்கு ஒரு டீலர்ஷிப்’ என்ற விதிக்கு வரும்போது குடும்பம் என்பது சுருங்கிவிடும். அங்கே, மணமானவர் என்றால், விண்ணப்பதாரர், துணை, மணமாகாத பிள்ளைகள். அண்ணன் பெயரில் நிலம் இருக்கலாம், திருமணமான அண்ணனுக்குப் பங்க் இருப்பதும் உங்களைத் தடுக்காது. ஆனால் மனைவி பெயரில் ஒரு கேஸ் ஏஜென்சி இருந்தால் தடுக்கும். இரண்டு வரையறையும் ஒரே விளக்கேட்டில் வெவ்வேறு பக்கத்தில் கிடக்கின்றன. ஒரே பக்கத்தில் அருகருகே அச்சிட்டிருந்தால் உயர் நீதிமன்றத்தில் அரசு அமைப்பின் முடிவை எதிர்த்துப் போடும் ரிட் மனுக்கள் எத்தனையோ பிறந்தே இருக்காது.

தமிழ்நாட்டுக்கே உரிய சிக்கல் ஒன்று சாதிச் சான்றிதழ். எண்ணெய் நிறுவனங்களின் ஒதுக்கீட்டில் ஓ.பி.சி.க்கு 27 சதவீதம், எஸ்.சி., எஸ்.டி.க்கு 22.5, மீதம் 50.5 பொது. ஆனால் நம் வட்டாட்சியர் வழக்கமாகத் தருவது பி.சி., எம்.பி.சி. என்ற மாநிலப் பட்டியல் சான்றிதழ். இவர்கள் கேட்பது மத்தியப் பட்டியலின்படியான ஓ.பி.சி. சான்றிதழ், அதோடு கிரீமி லேயர் எனும் வசதி படைத்த பிரிவில் வரவில்லை என்ற உறுதி. மாநிலப் பட்டியலில் இருக்கும் சாதி மத்தியப் பட்டியலில் வேறு எழுத்தில் இருக்கலாம், இல்லாமலும் போகலாம். விண்ணப்பிக்கும் முன்பே மத்திய அரசு வேலைக்கான ஓ.பி.சி. படிவத்தில் இ-சேவை மையம் வழியாக வாங்கி வைப்பது நல்லது.

குலுக்கல் நடந்து பெயர் வந்துவிட்டால் குறுஞ்செய்தியும் மின்னஞ்சலும் வரும். பாதுகாப்பு வைப்பில் பத்து சதவீதத்தை ஆரம்ப வைப்பாகக் கட்டி, ஆவணங்களைக் குறுகிய கெடுவுக்குள் ஒப்படைக்க வேண்டும். சொன்னதற்கும் ஆவணத்துக்கும் முரண் இருந்தால் இந்த வைப்பு பறிபோகும். பிறகு நில மதிப்பீட்டுக் குழு நேரில் வந்து பார்க்கும், தகுதிச் சரிபார்ப்பு நடக்கும், எல்லாம் சரி என்றால் எல்.ஓ.ஐ. எனும் உத்தேசக் கடிதம் வரும். எல்.ஓ.ஐ. கையில் வந்த உடனே கடன் வாங்கிச் சுற்றுச்சுவர் எழுப்புகிறவர்கள் கவனிக்க: அது ஒப்பந்தம் அல்ல. உத்தேசக் கடிதம் எழுதியவரையோ பெற்றவரையோ முழுதாகக் கட்டுப்படுத்தாது என்பது உச்ச நீதிமன்றம் பலமுறை உறுதிசெய்த நிலை. நிபந்தனைகள் நிறைவேறி நியமனக் கடிதம் வரும்வரை உங்களிடம் இருப்பது எதிர்பார்ப்புதான்.

நில மதிப்பீட்டுக் குழுவின் வேலைதான் இந்தச் சேவையிலேயே பலவீனமான கண்ணி. குழு வரும் நாளில் நீங்களோ உங்கள் சர்வேயரோ உடன் இருந்து, அளவெடுக்கும் புள்ளிகளைப் படம் பிடித்து, ஆட்சேபம் இருந்தால் அன்றே எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்க வேண்டும். நிராகரிப்புக் கடிதம் ‘நிலம் விளம்பர நிபந்தனைகளுக்கு ஏற்றதாக இல்லை’ என்ற ஒரே வரியில் வந்தால் அது குறையுள்ள உத்தரவு. எத்தனை மீட்டர் கேட்டார்கள், எத்தனை இருந்தது, எந்தப் புள்ளியிலிருந்து அளந்தார்கள் என்று இருக்க வேண்டும். ஒரு உத்தரவின் செல்லுபடியை அதில் எழுதப்பட்ட காரணங்களை வைத்தே பார்க்க வேண்டும், பின்னால் பதில் மனுவில் புதுக் காரணம் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது என்று 1977 டிசம்பரில் தேர்தல் ஆணைய வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஒருவரி நிராகரிப்புகளுக்கு எதிரான நல்ல ஆயுதம் அது. ஆனால் அது பெற்றுத் தருவது பெரும்பாலும் ‘மீண்டும் பரிசீலி’ என்ற உத்தரவை மட்டுமே, டீலர்ஷிப்பை அல்ல. நிலம் தேறாத குரூப் 1, குரூப் 2 விண்ணப்பதாரர்களை குரூப் 3-ஓடு சேர்த்துப் பார்க்கும் வழியும் விளக்கேட்டில் இருக்கிறது. அதைக் கேட்காமலே நேராக வழக்குக்கு ஓடுவது அவசரம்.

வென்றவர் தகுதியற்றவர் என்று நினைப்பவர்களுக்குப் புகார் வழி உண்டு. குறித்த கெடுவுக்குள், கட்டணத்தோடு, ஆதாரத்தோடு எழுத்தில் தர வேண்டும். ஆதாரம் எங்கே கிடைக்கும்? வில்லங்கச் சான்றை யாரும் பதிவுத்துறைத் தளத்தில் எடுக்கலாம், பட்டா, எஃப்.எம்.பி. விவரங்களும் இணையத்தில் கிடைக்கின்றன. வென்றவரின் நிலப் பத்திரம் எந்தத் தேதியில் பதிவானது என்பது இந்த இரண்டிலேயே தெரிந்துவிடும். மற்றவைக்கு ஆர்.டி.ஐ. எனும் தகவல் அறியும் உரிமைச் சட்டம். மூன்று நிறுவனங்களும் மத்தியப் பொது அதிகார அமைப்புகள் என்பதால் கட்டணம் 10 ரூபாய், பதிலுக்கு 30 நாள், முதல் மேல்முறையீட்டுக்கு 30 நாள், மத்தியத் தகவல் ஆணையத்துக்கு 90 நாள். மூன்றாம் நபரின் தனிப்பட்ட விவரம் என்று சொல்லி ஆவண நகலை மறுப்பார்கள். அதனால் நகலைக் கேட்பதைவிடத் தேதிகளையும் அளவுகளையும் கேளுங்கள்: குழு எந்த நாளில் வந்தது, முகப்பு எத்தனை மீட்டர் பதிவானது, எந்தத் தேதியிட்ட பத்திரம் ஏற்கப்பட்டது. இவற்றை மறுப்பது கடினம்.

என்.ஓ.சி. கட்டத்தில் சென்னைக்கும் மற்ற மாவட்டங்களுக்கும் வித்தியாசம் உண்டு. 2002 பெட்ரோலிய விதிகளின் 144-ஆம் விதிப்படி மாவட்ட அதிகாரியின் தடையின்மைச் சான்று வேண்டும். காவல் ஆணையர் உள்ள நகரங்களில் அந்த அதிகாரி ஆணையரோ துணை ஆணையரோ. மற்ற இடங்களில் ஆட்சியர். ஆவடிக்கும் தாம்பரத்துக்கும் 2022 முதல் தனி ஆணையரகங்கள் வந்துவிட்டதால், உங்கள் சர்வே எண் வேப்பேரியில் உள்ள சென்னை ஆணையரகத்தின் எல்லையிலா, ஆவடியிலா, தாம்பரத்திலா, ஆட்சியரிடமா என்பதை முதலிலேயே உறுதிசெய்யுங்கள். தவறான அலுவலகத்தில் கோப்பு மாதக்கணக்கில் தூங்கும். மூன்று மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று விதியே சொல்கிறது. அதைத் தாண்டினால் ‘முடிவெடு’ என்று கேட்கும் மேண்டமஸ் மனுவுக்கு உயர் நீதிமன்றம் பெரும்பாலும் கெடு விதித்து உத்தரவிடும். இந்த ரக வழக்குதான் இருப்பதிலேயே எளியது, செலவு குறைந்தது. சான்று கேட்பவரும், பின்னால் படிவம் 14-இல் உரிமம் வாங்குபவரும் எண்ணெய் நிறுவனமே என்பதால், அவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். உரிமம் தரும் மத்திய அரசின் பெட்ரோலியம், வெடிபொருள் பாதுகாப்பு அமைப்பான பெசோவின் தென்மண்டல அலுவலகம் நுங்கம்பாக்கம் ஹாடோஸ் சாலை சாஸ்திரி பவனில் இருக்கிறது.

நகருக்குள் என்.ஓ.சி.யைச் சாய்ப்பது பெரும்பாலும் தூரம். மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் 2020 ஜனவரி 7 வழிகாட்டுதல்படி, பள்ளி, 10 படுக்கையோ அதற்கு மேலோ உள்ள மருத்துவமனை, உள்ளூர் சட்டப்படி குடியிருப்பு என்று வகைப்படுத்திய பகுதி ஆகியவற்றிலிருந்து 50 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். இட நெருக்கடி இருந்தால் பெசோ சொல்லும் கூடுதல் பாதுகாப்போடு குறைக்கலாம், ஆனால் 30 மீட்டருக்குக் கீழே எந்தக் காரணத்துக்கும் இல்லை. மனைக்கு மேலே உயர் அழுத்த மின்கம்பி போகக் கூடாது. தூரத்தை அளப்பது மதில் சுவரிலிருந்து அல்ல. எரிபொருள் நிரப்பும் புள்ளி, விநியோகக் கருவி, காற்றுப்போக்கிக் குழாய் இவற்றில் எது அருகில் இருக்கிறதோ அதிலிருந்து. ஆகவே அமைப்பு வரைபடத்தை மாற்றியே சில மீட்டர்களைக் காப்பாற்ற முடியும். குடியிருப்பு என்பது கண்ணால் பார்க்கும் வீடு அல்ல, நில உபயோக வரைபடத்தில் உள்ள வகைப்பாடு. எழும்பூரில் உள்ள சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழும (சி.எம்.டி.ஏ.) அலுவலகத்தில் சர்வே எண்வாரியாக நில உபயோகத்தைக் கேட்டு எழுத்தில் வாங்குவது இதற்காகத்தான். ஈ.சி.ஆரில் கடலோர ஒழுங்குமுறை மண்டலத்தையும், 2022-இல் ராம்சார் எனும் உலக முக்கிய ஈரநிலப் பட்டியலில் சேர்ந்த பள்ளிக்கரணை சதுப்புநிலத்தை ஒட்டிய இடங்களில் அதன் எல்லையையும் சேர்த்தே பாருங்கள்.

பக்கத்து வீட்டார் பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். தென்மண்டல அமர்வு சேப்பாக்கம் கலஸ் மஹாலில் நடக்கிறது. வழக்குக் காரணம் எழுந்த நாளிலிருந்து ஆறு மாதம், அதற்கு மேல் போதிய காரணம் காட்டினால் 60 நாள், அவ்வளவே. பங்க் திறந்து இரண்டு வருடம் கழித்து வரும் மனு இந்த வாசலிலேயே நின்றுவிடும். குடியிருப்போரின் பயம் நியாயமானது, அவர்கள் என்.ஓ.சி. விசாரணை நடக்கும்போதே ஆட்சேபத்தைப் பதிவு செய்தால் அதற்கு எடை அதிகம்.

பக்கத்துப் பங்க்காரர் தொடுக்கும் வழக்கு வேறு ரகம். தன் வியாபாரம் குறையும் என்பது வழக்குரிமை ஆகாது. ஒரு சினிமா கொட்டகைக்குத் தந்த தடையின்மைச் சான்றை எதிர்த்து இன்னொரு கொட்டகை முதலாளி வந்த வழக்கில் 1976-லேயே உச்ச நீதிமன்றம் இதைத் தீர்த்துவிட்டது. பங்க் வழக்குகளில் இன்றும் முதலில் நீட்டப்படும் தீர்ப்பு அதுதான். விதிமீறல் என்று பேர் வைத்து வந்தாலும் மனுதாரர் யார் என்று நீதிமன்றம் பார்க்கும். எல்.ஓ.ஐ. வைத்திருப்பவர்கள் இப்படி ஒரு மனு வந்தால் முதல் நாளே தங்களைத் தரப்பாகச் சேர்க்கக் கோரி, இடைக்காலத் தடை நீடிக்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும். அரசு நிறுவனம் பதில் மனு போடும்வரை காத்திருந்தால் தடை மாதக்கணக்கில் ஓடும்.

மறுபுறம், தேர்வை எதிர்ப்பவர்கள் செய்யும் பெரிய பிழை, வென்றவரைத் தரப்பாகச் சேர்க்காமல் நிறுவனத்தை மட்டும் எதிர்த்து மனுப் போடுவது. பாதிக்கப்படப் போகிறவர் இல்லாமல் ரிட் நிற்காது. இரண்டாவது பிழை தாமதம். ரிட்டுக்குக் காலக்கெடு எழுதப்படவில்லை என்றாலும், எதிர்த்தரப்பு தொட்டி புதைத்து, கூரை போட்டபிறகு வந்தால் நீதிமன்றம் தயங்கும். தனி நீதிபதியின் உத்தரவுக்கு எதிரான ரிட் மேல்முறையீட்டுக்கு 30 நாள்தான். மூன்றாவது, முகப்பு 19.6-ஆ 20.1-ஆ என்பது போன்ற உண்மைத் தகராறை ரிட்டில் கிளப்புவது. நீதிபதி டேப் பிடிக்கமாட்டார். நிபுணர் குழு அளந்ததை மாற்ற வேண்டுமானால் குழு தவறான புள்ளியிலிருந்து அளந்தது, தன் சொந்த விளக்கேட்டை மீறியது, ஒருவருக்கு ஒரு அளவுகோலும் மற்றவருக்கு வேறும் வைத்தது என்று ஆவணத்தில் காட்ட வேண்டும்.

பழைய பெட்ரோல் பங்க்குகளை நடத்துபவர்களுக்கும் ஒரு வார்த்தை. சென்னையின் முக்கியச் சாலைகளில் பர்மா ஷெல், எஸ்ஸோ, கால்டெக்ஸ் காலத்துக் குத்தகை நிலங்கள் பல. குத்தகை முடிந்த நிலத்தில் வெறும் அனுபோகம், வழக்கு நடப்பதால் நீடிக்கும் அனுபோகம், இவை உரிமத்தைப் புதுப்பிக்கத் தேவையான ‘நிலத்தின் மீதான உரிமை’ ஆகாது என்று தமிழ்நாட்டிலிருந்து சென்ற வழக்கில் 2005-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. நகரக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் நிலத்தை விலைக்குக் கேட்கும் சலுகையும், தானே அனுபோகத்தில் இல்லாமல் டீலர் கையில் விட்டிருக்கும் எண்ணெய் நிறுவனத்துக்குக் கிடையாது என்று 2020-லும் 2021-லும் தீர்ப்பு வந்துவிட்டது. ஆகவே அப்படி ஒரு பங்க்கில் டீலராகச் சேர அழைப்பு வந்தால், முதலில் கேட்க வேண்டிய தாள் நிறுவனத்துக்கும் நில உரிமையாளருக்கும் இடையிலான குத்தகைப் பத்திரம், அதன் முடிவுத் தேதி.

ஜியோ-பிபி, நயாரா, ஷெல் போன்ற தனியார் நிறுவனங்களின் டீலர்ஷிப் இந்தத் தளத்தில் வராது. அவர்கள் அரசு அமைப்பு அல்ல என்பதால் தேர்வை எதிர்த்து ரிட் பொதுவாக நிற்காது; ஆர்.டி.ஐ.யும் இல்லை. ஒப்பந்தத்தில் எழுதியதை வைத்து மத்தியஸ்தம் அல்லது உரிமையியல் நீதிமன்றம்தான். இந்த ஒரு காரணத்தாலேயே, குறைகள் அத்தனையும் இருந்தும், தகராறு வந்தால் பதில் சொல்லக் கடமைப்பட்ட அரசு நிறுவனத்தின் தேர்வுமுறையை நாங்கள் மேலாக வைக்கிறோம். ‘குலுக்கலில் பெயர் வரவைக்கிறேன்’ என்று முன்பணம் கேட்கும் தரகர்களும், நிறுவனத்தின் சின்னம் போட்ட போலி இணையதளங்களும் விளம்பரம் வரும் சமயங்களில் முளைக்கும். விண்ணப்பக் கட்டணமும் ஆரம்ப வைப்பும் இந்த ஒரே தளத்தின் வழியாக, நிறுவனம் குறிப்பிடும் முறையில் மட்டுமே செலுத்தப்படுகின்றன. யாருடைய தனிப்பட்ட வங்கிக் கணக்குக்கும் ஒரு ரூபாய் அனுப்ப வேண்டிய கட்டம் இந்த நடைமுறையில் எங்கும் கிடையாது. அனுப்பிவிட்டவர்கள் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அன்றே அழைக்க வேண்டும். பணம் அடுத்த கணக்குக்குத் தாவுவதற்குள் தகவல் போனால்தான் முடக்க முடியும்.